லட்டுப் பிடிக்கும் வேளை

சங்கத்தின் தீபாவளிக் கூட்டத்துக்கு வேண்டிய 300 லட்டுக்களைக் கடையில் சொல்லி வாங்குவதா, நாமே கூடிச் செய்வதா என்னும் வினா சென்ற செயற்குழுவில் எழுந்தது. முடிவு காணாமலே அடுத்த கூட்டத்துக்குத் தள்ளி வைக்கப்பட்டது. வரவு செலவுக் கணக்கில் இது பெரிய தொகையன்று. எனினும் அன்று அவையில் எழுந்த சூடு, சந்தா உயர்வைப் பற்றிப் பேசிய நாளிலும் எழுந்ததில்லை. ஆதலின் இம்மாதம் இப்பகுதியை லட்டுக்கே ஒதுக்கிவிட எண்ணினோம். கணக்கெழுதிப் பழகிய கை நம்முடையது. பலகாரத்தைப் பற்றி எழுதினாலும் இடையிடையே கூட்டலும் வகுத்தலும் வந்து விழுந்தால் அன்பர்கள் பொறுத்தருள்வார்களாக.

கடையில் வாங்கலாம் என்றவர்கள் கூறிய நியாயங்களில் வலிமையான ஒன்று உண்டு. எல்லாம் ஒரே அளவாக இருக்கும், பெட்டியில் வரும், பரிமாறுவது எளிது என்பனவெல்லாம் சிறு நியாயங்கள். ஆனால் கரமனையிலிருந்து வந்திருந்த சகோதரி ஒருவர் எழுந்து, "கூட்டத்தில் 'வீட்டிலேயே செய்வோம்' என்று கை தூக்குகிறவர்கள் ஆண்கள்; வீட்டில் கரண்டி தூக்குகிறவர்கள் நாங்கள்" என்று சொன்னபோது, கை தூக்கியிருந்த பலர் மெல்லக் கையை இறக்கிக்கொண்டனர். அவருக்கு மறுமொழி சொல்லாமல் இக்கட்டுரையை முடிப்பது நேர்மையாகாது. பின்னர் அதற்கு வருவோம்.

இதற்கிடையில் வேறொரு கேள்வியும் அங்கே கேட்கப்பட்டது. "இங்கே இருப்பவர்களில் பாகுக்குப் பதம் பார்க்கத் தெரிந்தவர்கள் எத்தனை பேர்?" நாற்பதுக்கு மேற்பட்டோர் கூடியிருந்த மண்டபத்தில் மூன்று கைகளே உயர்ந்தன. மூவரும் அறுபது வயதைக் கடந்தவர்கள். கடையா வீடா என்ற வழக்கைக் காட்டிலும் இந்த மூன்று கைகளே நம் மனத்தில் நிற்கின்றன. இன்னும் பத்தாண்டு சென்றால் அவற்றில் எத்தனை இருக்கும்?

திருவனந்தபுரத்தில் வாழும் தமிழ்க் குடும்பங்கள் எல்லாம் ஒரே காலத்தில் இங்கு வந்தவை அல்ல. சாலைக் கடைத்தெருவிலும் வலியசாலையிலும் கோட்டையைச் சுற்றியும் தலைமுறை தலைமுறையாக வாழ்வோர் உண்டு. 1956 நவம்பர் 1-ஆம் நாள் தோவாளை, அகஸ்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் சென்னை இராஜ்யத்தோடு இணைந்தபோது, பிறந்த ஊர் ஒரு மாநிலத்திலும் பிழைக்கும் ஊர் மற்றொரு மாநிலத்திலுமாக நின்றுவிட்டோரும் உண்டு. நம்மைப் போல் உத்தியோகம் காரணமாக வந்து தங்கிவிட்டோர் மூன்றாம் வகை. எவ்வகையினராயினும் ஒன்றைக் கண்டிருப்பார்கள்: தீபாவளி இங்கே விடுமுறை நாள்தான், ஆயினும் ஓணத்தின் ஆரவாரம் அதற்கு இல்லை. தெருவே எண்ணெய் மணக்கும் திருநெல்வேலியின் விடியற்காலை இங்கே வாராது. நம் வீட்டு அடுப்பை நாமே ஏற்றினாலன்றி நம் பிள்ளைகளுக்குத் தீபாவளி என்பது நாட்காட்டியில் சிவப்பு மையிட்ட ஒரு தேதி அவ்வளவே. பண்டிகைக்கு முந்திய வாரத்தில் தம்பானூர் நிலையத்தில் நின்று பார்ப்பவர்களுக்கு இது விளங்கும். நாகர்கோயில் வண்டியிலிருந்து இறங்குவோர் கையில் டின் டப்பா இருக்கும். அம்மாவோ ஆச்சியோ செய்து கொடுத்தனுப்பியது. ஆண்டுதோறும் அந்த டப்பாக்கள் குறைந்துகொண்டு வருவதும் நம் கண்ணில் படுகின்றது.

அண்டை அயலார்க்கு லட்டுத் தெரியாது என்று இதனால் பொருளன்று. கேரளத்தில் லட்டு வெற்றியின் பலகாரம். தேர்தல் முடிவு வெளியாகும் நாளில் கட்சி அலுவலகங்களின் முன் மஞ்சள் லட்டுத் தட்டுகள் வலம் வருவதை எல்லோரும் கண்டிருக்கிறோம்; தேர்வில் பிள்ளை தேறினாலும் அப்படியே. ஆனால் அது அடுமனையில் வாங்கும் பண்டம். இவர்கள் வீட்டில் உருட்டுவது அரியுண்டையும் அவலோசுண்டையுமாகும். அரிசியும் தேங்காயும் வெல்லமும் விளையும் மண்ணில் அதுவே இயல்பு. நம் கடலைப்பருப்பு இவர்கள் இலையில் இடம் பிடித்தது போளியின் உருவத்தில். திருவனந்தபுரத்துச் சத்யையில் போளியின்மேல் பாயசத்தை ஊற்றிப் பிசைந்து உண்ணும் வழக்கத்தை வடகேரள நண்பர்கள் கண்டு வியப்பதுண்டு. போளி சென்ற வழியில் வீட்டு லட்டும் சென்றிருக்கலாம். செல்லாததற்குப் பாகுதான் காரணம் என்பது நம் எண்ணம். போளிக்குக் கை போதும். லட்டுக்குக் காலமும் அறிய வேண்டும்.

உருட்டிப் பிடித்த இனிப்பு தமிழர்க்குப் புதிதன்று. மதுரையின் கடைவீதியில் மோதகம் விற்றோரை மதுரைக்காஞ்சி பேசுகின்றது. லட்டு என்ற பெயர் வடமொழி வழி வந்ததாயினும், எள்ளுருண்டை, பொரியுருண்டை, பொருள்விளங்கா உருண்டை என்று நம் பாட்டிமார் உருட்டிய உருண்டைகளின் கூட்டத்தில் அது இன்று உறவினரைப்போல் கலந்து நிற்கின்றது. நாஞ்சில் நாட்டு முந்திரிக்கொத்தும் யாழ்ப்பாணத்துப் பயற்றம் பணியாரமும் சிறுபயற்றில் பிறந்த உடன்பிறப்புக்கள். கடலுக்கு இப்பாலும் அப்பாலும் ஒரே கை செய்ததுபோல் இருக்கும்.

லட்டு என்றவுடன் திருப்பதியை நினையாதார் இலர். 2009-இல் புவிசார் குறியீடு பெற்ற அந்த லட்டுக்குத் தேவஸ்தானத்தில் 'திட்டம்' என்று ஒரு கணக்கு உண்டு. ஒரு திட்டத்துக்கு 5,100 லட்டுக்கள். அதற்குக் கடலைமாவு 180 கிலோ, சர்க்கரை 400 கிலோ, பசுநெய் 165 கிலோ, முந்திரிப்பருப்பு 30 கிலோ, திராட்சை 16 கிலோ, கற்கண்டு 8 கிலோ, ஏலம் 4 கிலோ. கூட்டினால் 803 கிலோ; 5,100-ஆல் வகுத்தால் ஒரு லட்டு ஏறக்குறைய 157 கிராம். இக்கணக்கைப் பலமுறை எழுதிப் பார்த்து மகிழ்ந்திருக்கிறோம். மாவு ஒரு பங்கானால் சர்க்கரை இரண்டு பங்குக்கும் மேல். நெய்யோ மாவுக்குச் சற்றே குறைவு. வீட்டில் இவ்வளவு நெய்யும் சர்க்கரையும் யார் சேர்ப்பார்? ஆனால் அந்த லட்டு மலையிறங்கி, வண்டி ஏறி, நான்கு நாள் கழித்துக் கன்னியாகுமரிக்கு வந்து சேர்ந்தபின்னும் கெடாமல் இருக்க வேண்டியது. சர்க்கரை மிகுந்த பண்டத்தில் இருக்கும் நீர் கிருமிக்குப் பயன்படுவதில்லை. 2024-இல் அந்நெய்யைப் பற்றி நாடெங்கும் சர்ச்சை எழுந்ததும், அவ்வாண்டு அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சிறப்புப் புலனாய்வுக் குழு ஒன்றை அமைத்ததும் எல்லோரும் அறிந்ததே. அதில் தீர்ப்புக் கூறுவது நம் வேலையன்று. ஆனால் அதன் பின்னர் நம் சகோதரிகள் பலர் வெண்ணெய் வாங்கி வீட்டிலேயே நெய் உருக்கத் தொடங்கியிருப்பதை அறிவோம்.

இனி வீட்டுக் கணக்கு. 25 லட்டுக்கு: கடலைமாவு கால் கிலோ, சர்க்கரை 400 கிராம், பாகுக்குத் தண்ணீர் 200 மில்லி, முந்திரியும் திராட்சையுமாக 50 கிராம், ஏலக்காய் ஐந்தாறு, கிராம்பு நான்கு, நெய் இரண்டு மேசைக்கரண்டி, பொரிக்க எண்ணெய். விரும்புவோர் கடுகளவு பச்சைக்கற்பூரம் சேர்க்கலாம். கடுகளவு என்றால் கடுகளவுதான், மிகுந்தால் கசக்கும். அத்துடன் பூந்திக் கரண்டி ஒன்றும் அரிகரண்டி ஒன்றும் வேண்டும். பூந்திக் கரண்டி இல்லாதார் வட்டத் துளையுள்ள தட்டையான சல்லிக் கரண்டியை வைத்துச் சமாளிக்கலாம். முத்து சற்றே ஒழுங்கு குறையும், சுவை குறையாது.

மாவைச் சலித்துக்கொண்டு, தண்ணீரைச் சிறிது சிறிதாக விட்டுக் கட்டியில்லாமல் கரைக்கவும். கால் கிலோ மாவுக்கு ஏறத்தாழ 275 முதல் 300 மில்லி வரை பிடிக்கும். மாவின் பழமைக்கும் அரைப்புக்கும் தக்கபடி இது மாறும். ஆதலின் அளவை நம்பாமல் சோதனையை நம்ப வேண்டும். எண்ணெய் காய்ந்ததும் கரண்டியில் சிறிது மாவை ஊற்றிப் பாருங்கள். விழும் முத்து வால் முளைத்து விழுந்தால் மாவு கெட்டி. ஒரு கரண்டி தண்ணீர் சேர்க்கவும். தட்டையாகப் பரந்தால் மாவு நீர். சிறிது மாவு தூவவும். உருண்டு விழுந்தால் சரி. கரண்டியை எண்ணெய்க்கு நான்கு விரற்கடை உயரத்தில் பிடிக்க வேண்டும். கரண்டியைத் தட்டுவதோ தேய்ப்பதோ வேண்டா; மாவு தானே இறங்கட்டும். ஒவ்வொரு முறையும் கரண்டியின் அடிப்புறத்தை ஈரத்துணியால் துடைத்து, உலர்ந்தபின் மீண்டும் பிடியுங்கள். துடைக்காவிட்டால் இரண்டாம் ஈட்டிலிருந்தே துளைகள் அடைந்து முத்துக்கு வால் முளைக்கும். ஈரம் சொட்டினாலோ எண்ணெய் தெறிக்கும். பிள்ளைகள் அடுப்பருகே நில்லாதிருக்கட்டும்.

மிக்சருக்குச் செய்யும் காராபூந்தி மொறுமொறுப்பாக வேண்டும். லட்டுக்கு அவ்வாறன்று. எண்ணெயின் சலசலப்பு அடங்கும் தருவாயில், முழுதும் அடங்குமுன், அரித்தெடுத்துவிட வேண்டும். விரலால் நசுக்கினால் நசுங்க வேண்டும், நொறுங்கக் கூடாது. மொறுத்த பூந்தி பாகைக் குடிக்காது. குடிக்காத பூந்தி ஒட்டாது. லட்டு உதிர்வதற்கு நம் சகோதரிகள் பாகையே குறை கூறுவர். நாம் கேட்டறிந்த வரையில் பாதிக் குற்றம் பூந்தியினுடையது.

பாகு அடுத்த அடுப்பில் இதற்குள் ஏறியிருக்க வேண்டும். பூந்தியும் பாகும் இரண்டும் சூடாகச் சந்திப்பதே இதில் உள்ள சூட்சுமம். அதற்காகவே இருவர் வேண்டும் என்கிறோம். சர்க்கரை கரைந்து கொதித்து நுரை பெருங்குமிழிலிருந்து சிறுகுமிழாக மாறும்போது ஒரு சொட்டை எடுத்து, சற்று ஆறவிட்டு, கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையே வைத்துப் பிரித்தால் ஓர் இழை அறுபடாமல் நீள வேண்டும். இதுவே ஒற்றைக் கம்பிப் பதம். இதற்கு முன் இறக்கினால் லட்டு பிடிபடாமல் குழையும். இரட்டைக் கம்பிக்குப் போனால் பிடிக்கும்போதே சர்க்கரை பூத்துக் கல்லாகும். இடையில் கிடைக்கும் அவகாசம் சிலவேளை ஒரு நிமிஷத்துக்கும் குறைவு. கைகளை உயர்த்திய மூவரில் மூத்தவரான ஆச்சியிடம் இதைப் பற்றிக் கேட்டோம். "பாகுக்குக் கண்ணு காணாது தம்பி, விரல்தான் காணும்" என்றார். நாள்தோறும் கைப்பேசியில் ஆயிரம் காணொளிகள் பாகைக் காட்டுகின்றன. அவற்றில் காண்பதெல்லாம் கண். விரலுக்கு எட்டுவது ஒன்றுமில்லை.

ஆச்சியின் விரல் நமக்கு இல்லை. அதனால் நாம் ஓர் உஷ்ணமானியைச் சிபாரிசு செய்கிறோம். ஆச்சி சிரிப்பார், சிரிக்கட்டும். ஒற்றைக் கம்பி ஏறக்குறைய 105 டிகிரி சென்டிகிரேடில் வருகின்றது. கொதிக்கும் பாகில் நீர் குறையக் குறையச் சூடு ஏறும். சூட்டை அளந்தால் நீரை அளந்தவாறாம். திருவனந்தபுரம் கடலோர ஊர் ஆதலால் இங்கே தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்கும். மூணாற்றுத் தேயிலைத் தோட்டங்களில் உறவினர் உள்ளோர் அவர்களுக்கு இம்முறையை எழுதும்போது 5 டிகிரி குறைத்து எழுதவும். ஏறக்குறைய 1,500 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 95 டிகிரியிலேயே கொதித்துவிடும். இரண்டு மூன்று முறை மானியையும் விரலையும் ஒருசேர வைத்துப் பழகினால், நான்காம் முறை மானி வேண்டாமற் போகும்.

பாகை இறக்கியதும் ஏலமும் கற்பூரமும் சேர்த்து, சூடான பூந்தியைக் கொட்டிக் கிளறி, மூடி, கால்மணி நேரம் ஊறவிடவும். பின்னர் ஒரு கைப்பிடிப் பூந்தியை மட்டும் மிக்ஸியில் ஒரே சுற்றுச் சுற்றி மறுபடி கலந்துவிட்டால் அதுவே மற்றவற்றைப் பிணைக்கும் சாந்தாகும். நெய்யில் வறுத்த முந்திரி, திராட்சை, கிராம்பு இவற்றை நெய்யோடு சேர்த்துக் கை பொறுக்கும் சூட்டில் பிடிக்கத் தொடங்குக. இவ்வேளையில்தான் கைகள் வேண்டும். ஒருவரே பிடித்தால் இருபதாம் லட்டுக்குள் பூந்தி ஆறிவிடும். ஆறி உலர்ந்துவிட்டால் சிறிது கொதிநீர் தெளித்து மிகச் சிறு தீயில் வைத்து எடுத்தால் மீண்டும் இளகும். குழைவாக இருந்தால் அடுப்பில் வைத்துக் கிளறிக் கொஞ்சம் வற்றவிடவும். இரண்டுக்கும் பரிகாரம் உண்டு, பதற வேண்டா. பிடித்தவுடன் லட்டு மென்மையாகத்தான் இருக்கும். சில மணி நேரத்தில் சர்க்கரை நுண்மணிகளாக உறைந்து அதனை இறுக்கும்.

இவ்வளவும் தென்காசியிலும் திருச்சியிலும் செய்வோருக்குப் போதும். திருவனந்தபுரத்தாருக்கு இன்னும் ஒரு சங்கடம் உண்டு. ஊரில் பத்து நாள் இருக்கும் லட்டு இங்கே மூன்றாம் நாளே வியர்த்து ஒட்டிக்கொள்கின்றதே, ஏன் என்று பேட்டையிலிருந்து சகோதரி ஒருவர் கேட்டிருக்கிறார். ஐப்பசி இங்கே துலாமாதம். துலாவர்ஷம் இடியும் மழையுமாகப் பிற்பகலில் வந்து இறங்கும் காலம். காற்றில் ஈரப்பதம் 85 சதவீதத்தைக் கடந்தால் சர்க்கரை காற்றிலிருந்தே நீரை இழுக்கத் தொடங்கும். அதற்குக் கீழே இருந்தால் இழுக்காது. மழை பெய்த நாளின் இரவும் விடியலும் இங்கே அந்த எல்லையை எளிதில் தாண்டிவிடுகின்றன. செய்தவர் பேரில் குற்றமில்லை.

இதில் கவனிக்க வேண்டிய மற்றொன்று எலுமிச்சை. பாகு பூக்காமலிருக்க நான்கு சொட்டு எலுமிச்சைச் சாறு விடுவது வழக்கம். புளிப்பு, சர்க்கரையில் ஒரு பகுதியை இரண்டாகப் பிளந்து உறையவிடாமல் தடுக்கும். ஆனால் அவ்வாறு பிளந்த சர்க்கரை ஈரத்தை முன்னிலும் விரைந்து இழுக்கும் குணமுடையது. ஆகவே உலர்ந்த ஊரில் ஒரு மூடி பிழிவோர் இங்கே இரண்டு சொட்டோடு நிறுத்துதல் நன்று. மழை விடாது பெய்யும் நாளில் அதுவும் வேண்டா. மழை ஓய்ந்த முற்பகலில் அடுப்பேற்றுங்கள். முற்றிலும் ஆறியபின், காற்றுப் புகாத எவர்சில்வர் டப்பாவில் அடுக்கி மூடுங்கள். சூட்டோடு மூடினால் வெளிமழையைத் தடுத்து உள்ளே மழை பெய்யவிட்டவராவோம். அன்றாடம் எடுப்பதற்கென ஒரு சிறு டப்பா தனியே இருக்கட்டும். பெரிய டப்பாவைப் பிள்ளைகள் நாளைக்குப் பத்துத் தடவை திறப்பதைத் தடுக்க இதைவிட வேறு உபாயம் நமக்குத் தெரியவில்லை.

எண்ணெய் விஷயத்திலும் ஊர் குறுக்கிடுகின்றது. இங்கே எல்லாம் தேங்காயெண்ணெய். அதில் பொரித்த பூந்தியின் மணம் சிலருக்குப் பிடிக்கும். ஆனால் ஈரமுள்ள பண்டத்தில் தேங்காயெண்ணெய் நாட்பட்டால் சோப்பு வாடை காட்டும்; அதன் கொழுப்பின் இயல்பு அது. நேந்திரங்காய் உப்பேரி உலர்ந்த பண்டமாதலால் தப்பித்துக்கொள்கின்றது, லட்டு தப்பாது. அன்றே உண்பதாயின் தேங்காயெண்ணெய். வைத்து உண்பதாயின் கடலெண்ணெயும் சிறிது நெய்யும்.

கடலைமாவைப் பொடியாக வாங்குவதிலும் பருப்பாக வாங்கி அரைப்பது மேல். இது சிக்கனத்துக்காகச் சொல்லவில்லை. கடலைமாவில் கேசரிப் பருப்பைக் கலப்பது பழைய மோசடி. அதனை நெடுநாள் உணவாக மிகுதியும் உண்டால் கால்கள் முடங்கும் என்பதனாலேயே 1961-இல் அதன் விற்பனை தடுக்கப்பட்டது. மெட்டானில் மஞ்சள் என்னும் சாயம் மற்றொன்று. உணவில் சேர்க்க அனுமதியில்லாதது. பருப்பை முழுதாகக் கண்ணால் கண்டு வாங்கினால் கேசரிப் பருப்பின் கலப்பைக் கண்டுகொள்வது எளிது. சாலையில் பருப்புக் கடைக்குப் பஞ்சமில்லை. அரைத்துக் கொடுக்கும் ஆலைகளும் உண்டு. லட்டு கடையில் இருப்பதுபோல் பளிச்சென்று இல்லையே என்று பிள்ளைகள் கேட்டால், கடலைக்கு இயல்பாக உள்ள நிறம் இதுதான் என்று சொல்லிவிடுங்கள். நிறம் வேண்டுமென்போர் மாவில் சிட்டிகை மஞ்சள்தூள் கரைக்கலாம். சிவப்பு முத்தும் பச்சை முத்தும் இடையிடையே தெரிய வேண்டும் என்ற ஆசையை மட்டும் விட்டுவிட வேண்டும்.

பாகே வேண்டாம், நேரமும் இல்லை என்போருக்கு மாலாடு இருக்கின்றது. பொட்டுக்கடலைப் பொடி ஒரு பங்கு, சர்க்கரைப் பொடி ஒரு பங்கு, சூடான நெய் அரைப் பங்கு. அலுவலகத்துக்குப் புறப்படுமுன் பிடித்துவிடலாம். மழைக்கும் அது அவ்வளவாக அஞ்சுவதில்லை. ஆயினும் மாலாட்டைச் செய்துவிட்டு 'லட்டுச் செய்தோம்' என்று சொல்வதை ஆச்சி ஒப்பமாட்டார்.

சர்க்கரை நோயுள்ள பெரியவர்கள் வீட்டுக்கு வீடு இருக்கின்ற காலம். மேற்சொன்ன கணக்கில் ஒரு லட்டில் 16 கிராம் சர்க்கரை. திருப்பதி லட்டில், அதே வகுத்தலின்படி, ஏறக்குறைய 78 கிராம். உலகச் சுகாதார நிறுவனம் 2015-இல் வெளியிட்ட வழிகாட்டுதலின்படி, நல்ல உடல்நலமுடையோருக்கும் இவ்வாறு சேர்க்கும் சர்க்கரை நாளைக்கு ஏறத்தாழ 50 கிராமுக்குள் இருத்தல் வேண்டும்; 25 கிராமுக்குள் இருந்தால் மிக நன்று. சிறிதாகப் பிடிப்பதற்கு இது போதுமான நியாயம். கடையில் அளவை நாம் குறைக்க முடியாது, கையில் முடியும்.

இப்போது கரமனைச் சகோதரியின் வினாவுக்கு வருவோம். அவர் கூறியது முற்றும் உண்மை. பன்னிரண்டு வீடுகள் ஆளுக்கு 25 லட்டுச் செய்து கொணர்ந்தால் 300 ஆகும் என்பது கணக்கில் அழகாக இருக்கின்றது. ஆனால் பன்னிரண்டு பெண்மணிகள் அலுவலகத்திலிருந்து வந்து, பிள்ளைகளைக் கவனித்து, இரவு பத்து மணிக்குத் தனியே அடுப்பின்முன் நிற்பார்கள் என்பதே அந்தக் கணக்கின் மறுபக்கம். மேலும் அந்த வீடுகளில் பதம் பார்க்கத் தெரிந்தவர் மூவர் எனில், மற்ற ஒன்பது வீட்டாரும் கடைக்குத்தான் போவார்கள். வாங்கி வந்து தம் டப்பாவில் மாற்றி அடுக்குவார்கள். இதனை நாம் எதிர்க்கிறோம். கடையில் வாங்குவதாயின் வெளிப்படையாகக் கடையிலேயே வாங்கலாம்.

நாம் செயற்குழுவின்முன் வைக்க விரும்புவது வேறு ஏற்பாடு. தீபாவளிக்கு முந்திய ஞாயிறு முற்பகலில், சங்க மண்டபத்தின் பின்கட்டுச் சமையற்கூடத்திலேயே எல்லா லட்டையும் செய்துவிடுவது. 300 லட்டுக்கு மாவு 3 கிலோ, சர்க்கரை 4 கிலோ 800 கிராம். ஒரே ஈடாகச் செய்ய வேண்டா. ஆறு ஈடுகளாகச் செய்தால் ஒவ்வொன்றுக்கும் அரைக்கிலோ மாவு, 50 லட்டு. எண்ணெய்ச் சட்டியின் முன் நின்று பூந்தி தேய்க்காமல் பொரிப்பது ஆண்களின் வேலை; உறுப்பினர் எழுவர் ஏற்கெனவே இசைந்திருக்கின்றனர், எழுதுகின்ற நாமும் அதில் அடக்கம். பாத்திரம் துலக்குவதும் அவ்வெழுவரின் பொறுப்பே. இதைக் குறிப்பில் ஏற்றிவிட வேண்டும், பின்னர் மறந்துவிடும். மூத்தவர் மூவரும் பாகருகே நாற்காலியில் அமர்ந்திருந்தால் போதும். ஒவ்வோர் ஈட்டுக்கும் வெவ்வேறு இளைஞர் இருவர் அவர்கள் பக்கத்தில் நின்று, விரலில் பாகைத் தொட்டு இழையைப் பார்க்க வேண்டும். ஆறு ஈட்டுக்குப் பன்னிருவர். பையன்களும் வரலாம்; பையன்களே முதலில் வரலாம் என்று ஆச்சியே சொல்லிவிட்டார்.

பிள்ளைகளில் பலருக்குத் தமிழ் பேச வரும், படிக்க வராது. பள்ளியில் மலையாளமே கற்கின்றனர். அளவுகளை மண்டபத்துக் கரும்பலகையில் இரண்டு எழுத்திலும் அடுத்தடுத்து எழுதி வைக்கலாம் என்பது தமிழ் வகுப்பு ஆசிரியையின் யோசனை. 'கம்பிப் பதம்' என்னும் சொல்லுக்கு எதிரே ஒன்றும் எழுத வேண்டா, அதை விரலில் காட்டிக்கொள்வோம் என்றும் அவரே கூறியிருக்கிறார்.

லட்டுக்கள் முன்பின் அளவாக இருக்கும். சிலவற்றில் முந்திரி இரண்டு இருக்கும், சிலவற்றில் இராது. பிள்ளைகள் அதற்காகச் சண்டையிடுவார்கள். பரிமாறும் பொறுப்பை ஏற்போர் இதற்கு ஆயத்தமாக வர வேண்டும்.

மாவும் சர்க்கரையும் சங்கச் செலவில் வாங்கப்படும். நெய்யை வீட்டுக்கு ஒரு கிண்ணமாகக் கொணரலாம். எவர் வீட்டில் உருக்கியது என்பதைக் கிண்ணத்தின்மேல் எழுதிவிட்டால் கிண்ணம் திரும்பிச் சேரும். உஷ்ணமானி நம்மிடம் ஒன்று இருக்கின்றது. பெரிய இருப்புச்சட்டி இரண்டு மண்டபத்திலேயே உண்டு. பூந்திக் கரண்டிதான் ஒன்றே ஒன்று. அதுவும் ஆச்சியினுடையது, காம்பு சற்று ஆடுகின்றது. மற்றொன்று வைத்திருக்கும் அன்பர்கள் அடுத்த செயற்குழுக் கூட்டத்துக்கு முன் செயலாளருக்குத் தெரிவிக்கும்படி கேட்டுக்கொள்கிறோம்.